ஆண்டஸ் மலையில் ஒரு மீட்பர் சிலை

மறைக்கல்வி வகுப்புகளில் வினாடி வினா நடத்தும்போது, மலைமேல் நிற்கும் பெரிய கிறிஸ்து சிலை எந்த நாட்டில் உள்ளது என்று கேட்டுப் பாருங்கள். கேள்வி முடிவதற்குள் நம் பிள்ளைகள் கையை உயர்த்தி, "பிரேசில், ரியோ டி ஜெனீரோ" என்று சொல்லிவிடுவார்கள். விடை சரிதான். ஆனால் ரியோ சிலை திறக்கப்பட்டது 1931இல். அதற்கு 27 ஆண்டுகளுக்கு முன்பே, அதே தென் அமெரிக்காவில் இன்னொரு கிறிஸ்து சிலை நிறுவப்பட்டுவிட்டது. ரியோவின் குன்றைப்போல் ஐந்து மடங்கு உயரமான ஒரு மலைக் கணவாயில், கடல் மட்டத்திலிருந்து சுமார் 3,800 மீட்டர் உயரத்தில் அது நிற்கிறது. ஒரு பக்கம் அர்ஜென்டீனா, மறுபக்கம் சிலி. இந்தச் சிலையின் வரலாற்றைத்தான் இன்று நாம் பார்க்கப்போகிறோம். அதை முழுதாகச் சொன்னால் கொஞ்சம் சங்கடமும் அதில் கலந்திருக்கும்.

முதலில் நிலப்படத்தை மனக்கண் முன் கொண்டுவருவோம். வடக்கு தெற்காக, ஏறத்தாழ 5,300 கிலோமீட்டர் நீளத்துக்கு இவ்விரு நாடுகளும் எல்லையைப் பகிர்ந்துகொள்கின்றன. நடுவே ஆண்டஸ் மலைத்தொடர். இருவரும் பேசுவது ஸ்பானிய மொழி. இருவருமே பெரும்பான்மையாகக் கத்தோலிக்கர். 1881இல் ஓர் ஒப்பந்தம் செய்தார்கள். தண்ணீரைப் பிரிக்கும் மிக உயர்ந்த சிகரங்களே எல்லை என்று அதில் எழுதினார்கள். கேட்பதற்கு எவ்வளவு எளிமை! ஆனால் தெற்கே படகோனியாவில் மலை அவர்கள் எழுதியபடி அமைந்திருக்கவில்லை. அங்கே சில ஆறுகள் உயர்ந்த சிகரங்களுக்குக் கிழக்கே தோன்றி, மலையை அறுத்துக்கொண்டு மேற்கே பசிபிக் கடலுக்கு ஓடுகின்றன. உயர்ந்த சிகரங்கள் ஓரிடத்தில், தண்ணீர் பிரியும் இடம் வேறிடத்தில். சிகரம்தான் எல்லை என்றது அர்ஜென்டீனா. தண்ணீர் பிரியும் இடம்தான் எல்லை என்றது சிலி. இரண்டுக்கும் நடுவே பள்ளத்தாக்குகளும் ஏரிகளும் மேய்ச்சல் நிலங்களும் கிடந்தன. வரப்புத் தகராறுதான், ஆனால் வரப்பு ஒரு மலைத்தொடர்.

1890களில் இரு நாடுகளும் போட்டி போட்டுக்கொண்டு போர்க்கப்பல்களுக்கு ஆணை கொடுத்தன. கடன் ஏறியது. கடைசியில், பிரிட்டனின் அரசர் ஏழாம் எட்வர்டு தீர்ப்புச் சொல்லட்டும் என்று விட்டார்கள். அரசரின் சார்பில் சர் தாமஸ் ஹோல்டிச் என்ற நில அளவை வல்லுநர் நேரில் வந்து அந்த மலைகளைச் சுற்றிப் பார்த்தார். ஒரு பள்ளத்தாக்கில் பிரிட்டனின் வேல்ஸ் பகுதியிலிருந்து வந்து குடியேறியவர்கள் இருந்தார்கள். 1902 ஏப்ரல் 30 அன்று, எந்த நாட்டோடு இருக்க விரும்புகிறீர்கள் என்று அவர்களிடமே கேட்கப்பட்டது. அர்ஜென்டீனாவோடு என்றார்கள். ஒரு நாட்டின் எல்லையை முடிவு செய்கிறபோது, அங்கே உழுது வாழ்கிறவர்களைக் கேட்டது அந்தக் காலத்தில் சாதாரணச் செயல் அல்ல.

அதே ஆண்டு மே மாதம் இரு அரசுகளும் கடற்படையைக் குறைக்கவும் உடன்பட்டன. கட்டப்பட்டுக்கொண்டிருந்த கப்பல்களையே விற்றுவிட்டார்கள். சிலியின் இரண்டு கப்பல்களைப் பிரிட்டன் வாங்கிக்கொண்டது. அர்ஜென்டீனாவின் இரண்டை ஜப்பான் வாங்கி, ரஷ்யாவுக்கு எதிரான போரில் பயன்படுத்தியது. தென் அமெரிக்காவில் அமைதி வந்தது, ஆனால் அதற்கென்று செய்த பீரங்கிகள் வேறொரு கடலில் வெடித்தன. இதையும் மறைக்காமல் சொல்ல வேண்டும்.

சிலை வந்தது இந்தச் சூழலில்தான். குயோ மறைமாவட்ட ஆயர் மார்செலினோ பெனவென்டே முயற்சியால், மத்தேயோ அலோன்சோ என்ற சிற்பி செய்த வெண்கலச் சிலை அது. உயரம் சுமார் ஏழு மீட்டர். இடக்கையில் சிலுவை, வலக்கை ஆசீர் வழங்கும் நிலையில். ஆஞ்செலா டி கோஸ்டா என்ற அர்ஜென்டீனப் பெண்மணி, இதை ஊருக்குள் வைக்காமல் எல்லையிலேயே நிறுத்துவோம் என்று விடாமல் வலியுறுத்தினார். ரயிலில் ஏற்றி மலைப்பகுதி வரை கொண்டுபோனார்கள். அதற்குமேல் பகுதி பகுதியாகக் கோவேறு கழுதைகள் சுமந்தன. 1904 மார்ச் 13 அன்று இரு நாட்டு மக்களும் படைவீரர்களும் கூடிநிற்க, சிலை திறக்கப்பட்டது. சிலை தங்களுக்கு முதுகைக் காட்டுகிறது என்று சிலி மக்கள் மனத்தாங்கல் கொண்டதாகவும், அர்ஜென்டீனர்களைத்தான் ஆண்டவர் கண்காணிக்க வேண்டியிருக்கிறது என்று ஒருவர் சொல்லிச் சமாளித்ததாகவும் ஒரு வேடிக்கைக் கதை உண்டு. கதை உண்மையோ இல்லையோ, அண்டை வீட்டாரின் மனநிலையை நன்றாகவே காட்டுகிறது.

இந்தக் கதையைப் பலர் இங்கேயே நிறுத்திவிடுவார்கள். மறையுரைக்கு வசதியான இடம் இது. ஆனால் சிலை நிறுவி 74 ஆண்டுகள் கழித்து, 1978இல், அதே இரு நாடுகளும் போரின் விளிம்பில் நின்றன.

இம்முறை சண்டை தென்கோடியில். 'நெருப்பு நிலம்' என்று பொருள்படும் தியெர்ரா டெல் ஃபுவேகோ தீவுக்குக் கீழே பீகிள் கால்வாய் இருக்கிறது. சார்லஸ் டார்வின் பயணம் செய்த கப்பலின் பெயர்தான் அதற்கு. அதன் கிழக்கு வாயிலில் பிக்டன், லெனாக்ஸ், நுவேவா என்று மூன்று சிறு தீவுகள். காற்றும் குளிரும் தவிர அங்கே பெரிதாக ஒன்றும் இல்லை. ஆனால் தீவு யாருக்கோ, அதைச் சுற்றிய கடலும் அவருக்கு என்பதுதான் பிரச்சனை. மீண்டும் பிரிட்டனின் தலைமையில், பன்னாட்டு நீதிமன்ற நீதிபதிகள் ஐந்து பேர் விசாரித்தார்கள். 1977இல் தீர்ப்பு வந்தது. தீவுகள் சிலிக்கு. 1978 ஜனவரியில் அர்ஜென்டீனா அந்தத் தீர்ப்பை ஏற்க மறுத்தது. அர்ஜென்டீனாவில் விதேலா, சிலியில் பினோசே. இரு பக்கமும் இராணுவ ஆட்சி. டிசம்பர் 22 அன்று தாக்குவதென அர்ஜென்டீனா திட்டமிட்டது. கடலில் கடும் புயல் எழுந்து கப்பல்களைத் தாமதப்படுத்தியது.

இரண்டாம் யோவான் பவுல் திருத்தந்தையாகத் தேர்ந்தெடுக்கப்பட்டு அப்போது இரண்டு மாதங்களே ஆகியிருந்தன. கிறிஸ்து பிறப்பு விழாவுக்கு முந்திய அந்த நாள்களில், தம் தூதரை அனுப்பத் தயார் என்று இரு அரசுகளுக்கும் அவர் தெரிவித்தார். அனுப்பப்பட்டவர் 73 வயதான கர்தினால் அந்தோனியோ சமோரே. விழா முடிந்த மறுநாளே புவனோஸ் ஐரெஸ் போய்ச் சேர்ந்தார். அங்கிருந்து சாந்தியாகோ, திரும்பவும் புவனோஸ் ஐரெஸ் என்று மாறி மாறிப் பறந்தார். 1979 ஜனவரி 8 அன்று உருகுவாய் நாட்டின் மோந்தேவிதேயோவில் இரு வெளியுறவு அமைச்சர்களும் கையெழுத்திட்டார்கள். திருத்தந்தை நம்மிடையே சமரசம் செய்யட்டும், அதுவரை ஆயுதத்தைத் தொடமாட்டோம் என்பதே அதன் சாரம்.

லூக்கா நற்செய்தியில் ஒருவர் இயேசுவிடம் வந்து, சொத்தைப் பங்கிடும்படி தன் சகோதரனுக்குச் சொல்லக் கேட்கிறார். தம்மைப் பாகம் பிரிப்பவராக அமர்த்தியது யார் என்று இயேசு திருப்பிக் கேட்கிறார். சமோரே செய்ததும் ஏறக்குறைய இதுதான் என்று நமக்குத் தோன்றுகிறது. அவர் தீர்ப்பு எழுதப் போகவில்லை. நீதிபதிகளின் தீர்ப்பு ஏற்கெனவே கையில் இருந்தது. சட்டப்படி அதில் குறையும் இல்லை. ஒரு தரப்பு ஏற்காததால் அது வெறும் காகிதமாகக் கிடந்தது. தோற்றவரும் எழுந்துபோகாமல் உட்காரக்கூடிய ஒரு மேசைதான் தேவைப்பட்டது.

அந்த மேசையில் ஆறு ஆண்டுகள் உட்கார்ந்திருக்க வேண்டியிருந்தது. 1980 டிசம்பரில் திருத்தந்தை தந்த யோசனையைச் சிலி ஏற்றது. அர்ஜென்டீனா அதை ஏற்கவில்லை. 1982இல் அது ஃபாக்லாந்து தீவுகளுக்காகப் பிரிட்டனோடு போரிட்டுத் தோற்றது. 1983 பிப்ரவரியில் சமோரே இறந்துபோனார், வேலை முடியாமலேயே. அந்த ஆண்டின் இறுதியில் அர்ஜென்டீனாவில் மக்களாட்சி திரும்பியது. புதிய அதிபர் அல்ஃபோன்சின் மக்களிடமே கேட்டார். 1984 நவம்பர் 25 வாக்கெடுப்பில் நூற்றுக்கு 80க்கும் மேற்பட்டோர் அமைதிக்குச் சம்மதம் தந்தார்கள். நான்கு நாள் கழித்து, நவம்பர் 29 அன்று, வத்திக்கானில் ஒப்பந்தம் கையெழுத்தானது. தீவுகள் சிலிக்கு. அட்லாண்டிக் பக்கத்துக் கடலுரிமையில் பெரும்பகுதி அர்ஜென்டீனாவுக்கு. இரு அரசுகளும் முழுத் திருப்தி அடையவில்லை என்பதையும் சொல்லிவிடுவோம்.

போருக்குத் தயாரான காலத்தில் சிலி தன் எல்லைகளில், அர்ஜென்டீனாவை ஒட்டியும் வடக்கே பெரு, பொலிவியாவை ஒட்டியும், கண்ணிவெடிகளைப் புதைத்திருந்தது. ஒன்றரை லட்சத்துக்கும் மேல். அவற்றைத் தோண்டி எடுக்கும் வேலை 2020இல்தான் முடிந்தது. ஆண்டஸ் கணவாயில் மீட்பர் சிலை இன்றும் நிற்கிறது. வாகனங்கள் இப்போது மலையைக் குடைந்த சுரங்கப்பாதை வழியே போய்விடுவதால், கோடையில் பனி உருகும்போது மட்டுமே மக்கள் மேலே ஏறிச் சென்று பார்க்கிறார்கள். தெற்கே, சிலியின் ஓசோர்னோவிலிருந்து அர்ஜென்டீனாவின் பரிலோச்சேக்குச் செல்லும் சாலையில் இன்னொரு கணவாய் உண்டு. லாரிகளும் சுற்றுலாக் குடும்பங்களும் அங்கே சுங்கச் சோதனைக்காக வரிசையில் நிற்கிறார்கள். அந்தக் கணவாய்க்குக் கர்தினால் அந்தோனியோ சமோரேயின் பெயரை வைத்திருக்கிறார்கள்.