தேயிலைக்கு ஒரு பஃபர்: காமினி கொரியா போட்ட கணக்கு

சாஃப்ட்வேர்ல 'பஃபர்'னு ஒண்ணு உண்டு. டேட்டா ஏறி இறங்கி வந்தா, நடுவுல தேக்கி வெச்சு சீரா அனுப்புறது. உலகச் சந்தைக்கே அப்படி ஒண்ணு கட்டப் பார்த்தவர் இலங்கைப் பொருளாதார நிபுணர் காமினி கொரியா. ஐ.நா.வின் வர்த்தக, வளர்ச்சி அமைப்பான அங்டாடுக்கு 1974 முதல் 1984 வரை தலைமைச் செயலாளர்.

அவர் ஊரைப் பார்த்தா காரணம் புரியும். 1950களில் இலங்கையின் ஏற்றுமதி வருமானத்தில் சுமார் 90% தேயிலை, ரப்பர், தேங்காய். அந்தக் காசுலதான் அரிசி இறக்குமதி. மலையகத்துல தமிழ்ப் பெண்கள் பறிக்கிற கொழுந்துக்கு லண்டன் ஏலத்துல விலை விழுந்தா, கொழும்புல பட்ஜெட்டே ஆடும். "விலை ஏறி இறங்கும், சந்தை பார்த்துக்கும்"னு பணக்கார நாடுகள் சொல்லிடலாம். இங்க அது மொத்தப் பொருளாதாரத்தோட பிரச்சினை.

1976ல நைரோபி மாநாடு. 18 பொருட்களுக்கு ஒரே திட்டம். விலை விழுந்தா வாங்கிக் கிடங்குல வைக்கணும், ஏறினா விற்கணும். இதுக்கெல்லாம் சேர்த்து 600 கோடி டாலர்ல ஒரு பொது நிதி. எல்லா விலையும் ஒரே நேரத்துல விழாது, அதனால பொதுவா வெச்சா குறைஞ்ச பணமே போதும்ங்கிறது கணக்கு. அழகான டிசைன்தான். ஆனா உலக மந்தம் வந்தா எல்லாம் சேர்ந்துதான் விழும். 1980களின் தொடக்கத்துல அதுதான் நடந்தது.

பேரம் பேசிப் பேசி, 1980ல ஒப்பந்தமானது 75 கோடி டாலர். நடைமுறைக்கு வந்தது 1989ல. புதுசா பஃபரோட அமைஞ்சது ரப்பர் ஒப்பந்தம் மட்டும். தேயிலை? வருஷக்கணக்கா கிடங்குல வெச்சா தரம் போயிடும். ஏற்றுமதி அளவைப் பங்கு பிரிக்கலாம்னா, பழைய நாடுகளான இந்தியா, இலங்கைக்கும் புதுசா வளர்ந்த கென்யாவுக்கும் ஒத்துவரலை. தன் நாட்டு முக்கியப் பயிரே அவர் திட்டத்துக்குள்ள அடங்கலை.

1985 அக்டோபர்ல, பல வருஷமா இயங்கின சர்வதேச வெள்ளீயக் கவுன்சிலின் பஃபர் காசில்லாம கவிழ்ந்தது. "பார்த்தீங்களா, இதெல்லாம் வேலைக்காகாது"ன்னாங்க. நான் முழுசா ஒத்துக்க மாட்டேன். அங்க விலையை ரொம்ப உயரத்துல பிடிச்சு வெச்சிருந்தாங்க. கவுன்சில்ல சேராத பிரேசில் மாதிரி நாடுகள் அள்ளி அள்ளி வித்தாங்க. வரத்து தொடர்ந்து அதிகமா இருந்தா எந்த பஃபரும் நிரம்பி வழியும். ஆனா இது தற்காலிகச் சரிவா, நிரந்தர மாற்றமான்னு அந்த நேரத்துல யாருக்குத் தெரியும்? கொரியா திட்டத்தோட நிஜமான ஓட்டை அதுதான்.

அந்தப் பொது நிதி இன்னமும் ஆம்ஸ்டர்டாம்ல இயங்குது. சிறு விவசாயிகளுக்கான திட்டங்களுக்குக் கடன் கொடுக்குது. பஃபருக்குன்னு ஒதுக்கின கணக்கை அதுக்காக ஒரு தடவைகூடப் பயன்படுத்தலை.