கெர்ட் ஃபுரோபே

கெர்ட் ஃபுரோபே (25 பெப்ரவரி 1913 – 5 செப்டம்பர் 1988) ஒரு செருமானியக் குணச்சித்திர நடிகர் ஆவார். ஜேம்ஸ் பாண்ட் திரைப்படமான கோல்டுஃபிங்கரில் (1964) எதிர்நாயகனாக நடித்து உலகப் புகழ் பெற்றார்.

இளமை

சாக்சனி மாநிலத்தில், இன்று சுவிக்காவு நகரின் பகுதியாக உள்ள ஓபர்பிளானிட்சில் பிறந்தார். முதலில் வயலின் இசைத்தார். பின்னர் டிரெஸ்டன் நகரில் நாடக மேடைக்கான திரைச்சீலை ஓவியம் பயின்றார். அங்கு நடிகர் எரிக் பொன்டோவிடம் நடிப்புக் கற்று மேடையேறினார். 1944இல் செருமனியில் நாடக அரங்குகள் மூடப்பட்டபோது படையில் சேர்க்கப்பட்டார்.

திரை வாழ்க்கை

பெர்லினர் பல்லாட (1948) படத்தில், போரிலிருந்து பெர்லினுக்குத் திரும்பும் ஒட்டோ நோர்மால்ஃபெர்பிரவுக்கர் என்ற எளிய மனிதனாக நடித்தார். அப்போது மிக மெலிந்த உடலுடன் இருந்தார். 'சராசரி நுகர்வோன்' எனப் பொருள்படும் அப்பெயர், சாதாரண மனிதனைக் குறிக்கும் சொல்லாகச் செருமானிய மொழியில் இன்றும் வழங்குகிறது.

பத்து ஆண்டுகளுக்குப் பின் பருத்த உடலுடன், 'பட்டப்பகலில் நடந்தது' எனப் பொருள்படும் பெயர் கொண்ட படத்தில் (1958) சிறுமிகளைக் கொல்லும் சுரோட் என்பவனாக நடித்தார். எழுத்தாளர் பிரீட்ரிக் டூரன்மாட் திரைக்கதையில் பங்கேற்ற படம் இது. இவ்வேடமே கோல்டுஃபிங்கர் வாய்ப்புக்கு வழிவகுத்தது. ஆங்கிலம் அதிகம் அறியாததால் இப்படத்தில் அவருக்கு மைக்கேல் காலின்சு என்ற நடிகர் குரல் கொடுத்தார். செருமானியப் பதிப்பில் ஃபுரோபேயே பேசினார்.

'பாரிசு எரிகிறதா?' (1966) படத்தில் செருமானியத் தளபதி கோல்டிட்சாகவும், லூக்கினோ விசுகோந்தியின் லுட்விக் (1973), இங்மர் பெர்க்மனின் 'பாம்பின் முட்டை' (1977) ஆகியவற்றிலும் நடித்தார். குழந்தைக் கொலையாளியாக அஞ்சவைத்த இவரே 1974இல் சிறுவர் கதையின் கொள்ளைக்காரன் ஓட்சன்பிளாட்சாக வந்து குழந்தைகளைச் சிரிக்கவைத்தார்.

நாட்சிக் கட்சித் தொடர்பும் தடையும்

ஃபுரோபே 1929இல், பதினாறு வயதில் நாட்சிக் கட்சியில் சேர்ந்து 1937இல் விலகினார். 1965இல் ஒரு பிரித்தானிய நாளிதழ் நேர்காணலை அடுத்து இது பரவலாகப் பேசப்பட்டது. இசுரேல் அவருடைய படங்களுக்குத் தடை விதித்தது. கட்சியில் இருந்ததை அவர் மறுக்கவில்லை. ஆனால் யூதர்களுக்கு உதவியதாகக் கூறினார். பின்னர் ஒரு யூதர், நாட்சி ஆட்சியில் தம்மையும் தம் தாயையும் ஃபுரோபே மறைத்துக் காத்ததாகச் சான்றளித்தார். அதன்பின் தடை நீக்கப்பட்டது.

இறுதிக்காலம்

திரைப்படங்கள் குறைந்த பின்னர் கிறித்தியான் மோர்கென்சுடெர்னின் நகைச்சுவைக் கவிதைகளை மேடைகளில் நடித்துக் காட்டினார். 1980களில் பெரும் வரவேற்புப் பெற்ற 'கருங்காட்டு மருத்துவமனை' தொலைக்காட்சித் தொடரில் சிறப்புத் தோற்றத்தில் நடித்தார். 1988இல் மியூனிக்கில் மாரடைப்பால் காலமானார். இக்கிங் ஊரின் கல்லறையில் அடக்கம் செய்யப்பட்டார்.