ஓரணியில் ஆடவரும் மகளிரும்
(அமெரிக்க அணி டென்னிஸ் சுற்றுப்போட்டி பற்றிய ஒரு வரலாற்று நோக்கு)

மலைநாட்டில் தேயிலையும் டென்னிசும் ஏறத்தாழ ஒரே காலத்தில் வேரூன்றியவை. ஜேம்ஸ் டெய்லர் என்பார் லூல்கந்துரத் தோட்டத்தில் 19 ஏக்கர் நிலத்தில் தேயிலை பயிரிட்டது 1867ஆம் ஆண்டில். வால்டர் விங்பீல்டு என்னும் ஆங்கிலப் படைத்தலைவர் புற்றரை டென்னிசுக்குக் காப்புரிமை பெற்றது 1874ஆம் ஆண்டில். கோப்பி நோயுற்று அழிய, தேயிலை மலைச்சரிவுகளை மூடிய அந்நாட்களிலேயே துரைமாரின் கழகங்களும் எழுந்தன. நுவரெலியாவின் ஹில் கிளப் 1876இல் தோன்றியது. டிக்கோயாப் பகுதியிலே தரவளையிலும், நானுஓயாவை அடுத்து ரதல்லவிலும் பிற கழகங்கள் அமைந்தன. அவற்றின் ஆடுகளங்களில் துரையும் துரைசானியும் ஒரு பக்கமாக நின்று ஆடினர். வேலிக்கு அப்பாலிருந்த தேயிலை மலையிலே, கூடை சுமந்த பெண்ணும் கவ்வாத்துக் கத்தி ஏந்திய ஆணும் வேலை செய்தனர்.

இவ்விரு காட்சிகளிலும் ஆணும் பெண்ணும் அருகருகே நிற்கின்றனர். ஆயினும், அருகே நிற்பது வேறு. ஒரே கணக்கில் எண்ணப்படுவது வேறு. பெண்ணின் உழைப்பும் ஆணின் உழைப்பும் ஒரே அளவையால் மதிக்கப்பெற்றனவா என்பதே வரலாறு கேட்க வேண்டிய கேள்வி. இக்கேள்விக்கு விளையாட்டுலகில் தெளிவான ஒரு விடையை முதன்முதலில் அளித்தது, 1974ஆம் ஆண்டில் ஐக்கிய அமெரிக்காவில் தொடங்கிய ‘வேர்ல்ட் டீம் டென்னிஸ்’ என்னும் தொழின்முறைச் சுற்றுப்போட்டியாகும். அதன் முதற் பருவத்தையும், தமிழர் இருவர் பங்குகொண்ட 1978ஆம் ஆண்டுப் பருவத்தையும் ஆராய்வது பயனுடைத்து.

முன்னிகழ்ச்சிகள்

விம்பிள்டனில் ஆடவர் போட்டி 1877இலும், மகளிர் போட்டி 1884இலும் தொடங்கின. தொழின்முறை ஆட்டக்காரர்க்கு அவ்வரங்கம் 1968இல் திறந்துவிடப்பட்டபோது, ஆடவர் வாகையர் ராட் லேவர் 2,000 பவுணும், மகளிர் வாகையர் பில்லி ஜீன் கிங் 750 பவுணும் பரிசாகப் பெற்றனர். ஆடவர் ஐந்து தொகுதிகள் வரை ஆடுகின்றனர், மகளிர் மூன்றுடன் முடிக்கின்றனர் என்பதே இவ்வேறுபாட்டுக்குக் கூறப்பட்ட முதன்மையான நியாயம்.

இந்நியாயத்தை ஏற்க மறுத்த மகளிர் ஒன்பதின்மர் 1970இல் ஹூஸ்டன் நகரிலே ஒரு டாலர் ஒப்பந்தத்திற் கையெழுத்திட்டுத் தமக்கெனத் தனிப்போட்டிகளை நடத்தத் துணிந்தனர். 1973இல் மகளிர் டென்னிஸ் சங்கம் உருவாயிற்று. அவ்வாண்டே அமெரிக்கத் திறந்த போட்டி இருபாலார்க்கும் சமபரிசு வழங்கியது. அதே செப்டெம்பர் 20ஆம் நாள், ஹூஸ்டனில் 30,472 பேர் நேரிற் கண்டிருக்க, 29 வயதான பில்லி ஜீன் கிங் 55 வயதான பாபி ரிக்ஸ் என்பாரை 6–4, 6–3, 6–3 என வென்றார். அவ்வாட்டம் பெரும் புகழ் ஈட்டியது உண்மை. எனினும், ஆணைப் பெண் எதிர்த்து வெல்வது ஒருநாட் காட்சி. ஆணும் பெண்ணும் ஓரணியாய் நின்று பருவம் முழுவதும் உழைப்பது நிலையான ஓர் ஒழுங்கு. அடுத்த ஆண்டு எழுந்தது அத்தகைய ஒழுங்கேயாகும்.

1974ஆம் ஆண்டின் பருவம்

16 நகர்களின் சார்பில் 16 அணிகள் அமைக்கப்பட்டன. ஒவ்வோர் அணிக்கும் 44 போட்டிகள் வகுக்கப்பட்டன. இச்சுற்றுப்போட்டியில் நிலைபெற்ற முறைப்படி ஒரு போட்டி ஐந்து தொகுதிகளைக் கொண்டது: ஆடவர் ஒற்றையர், மகளிர் ஒற்றையர், ஆடவர் இரட்டையர், மகளிர் இரட்டையர், கலப்பு இரட்டையர் என்பன அவை. தொகுதியை வென்றவர் யார் என்பது இங்கு முடிவன்று. ஐந்து தொகுதிகளிலும் அணி வென்ற ஆட்டங்களின் கூட்டுத்தொகையே வெற்றியைத் தீர்மானித்தது.

இம்முறையின் நுட்பத்தை உணர ஒரு சிறு கணக்குப் போதும். ஆடவர் ஒற்றையரில் ஓர் அணி 6–4 என வென்றால் அதற்கு இரண்டு ஆட்டங்கள் மிகுதி. மகளிர் ஒற்றையரில் அதே அணி 2–6 எனத் தோற்றால் நான்கு ஆட்டங்கள் குறைவு. ஆக, ஆடவர் பெற்ற வெற்றிக்குப் பின்னரும் அணி இரண்டு ஆட்டங்கள் பின்தங்கி நிற்கும். புகழ்பெற்ற ஆண் வீரரை வாங்கிவிட்டு மகளிரைப் புறக்கணிக்கும் அணி நிலைக்க இயலாது. ஐந்து தொகுதிகளில் இரண்டு முழுமையாக மகளிருடையவை. ஒன்றிற் பாதி அவர்களுடையது. சரிபாதியான இரண்டரைப் பங்கு அவர்களுக்கு உரியதாயிற்று. அன்றியும், எல்லார்க்கும் தொகுதி ஒன்றே என்றமையால், ‘ஐந்தா மூன்றா’ என்னும் பழைய வாதம் அடியோடு அற்றுப்போயிற்று.

நம் நாட்டுக் கலவன் பாடசாலைகளின் ஆசிரியர்க்கும் மாணவர்க்கும் இக்கணக்குப் புதியதன்று. இல்ல விளையாட்டுப் போட்டியில் மாணவி ஒருத்தி ஓடிப் பெறும் புள்ளியும் மாணவன் ஒருவன் பாய்ந்து பெறும் புள்ளியும் ஒரே இல்லத்தின் தொகையிற் சேர்கின்றன. பெறுமதியில் வேறுபாடு காட்டுவார் எவருமிலர். பாடசாலை மைதானம் இயல்பாக ஏற்றுக்கொண்ட நீதியைத் தொழின்முறை அரங்கம் 1974இலேதான் ஏற்றது.

மே 6ஆம் நாள் பிலடெல்பியாவில் முதற்போட்டி நடைபெற்றது. பிலடெல்பியா பிரீடம்ஸ் அணிக்குப் பயிற்றுநராகவும் ஆட்டக்காரராகவும் விளங்கியவர் பில்லி ஜீன் கிங். ஆடவரும் அடங்கிய தொழின்முறை அணியொன்றுக்குப் பெண் ஒருவர் பயிற்றுநராதல் அக்காலத்திற் பெரும் புதுமை. விம்பிள்டன் இறுதியாட்டங்களைக் கண்ட பிரெட் ஸ்டோல் போன்ற மூத்த வீரரும் அவர் சொற்படி களமிறங்கினார். எதிரணியாகிய பிட்ஸ்பர்க் டிரையாங்கிள்ஸ் அணியைக் கென் ரோஸ்வால் வழிநடத்தினார். 10,000க்கும் மேற்பட்டோர் கண்ட அப்போட்டியில் பிலடெல்பியா 31–25 என வென்றது. வாய்மூடி இருந்து மெல்லக் கைதட்டும் மரபைக் கைவிட்டு, உரக்கக் குரலெழுப்புமாறு பார்வையாளர் ஊக்குவிக்கப்பட்டனர். 15, 30, 40 என்னும் பழைய எண்ணிக்கையும் நீங்கி, 1, 2, 3 என எளிதாயிற்று.

பழைய அதிகார பீடங்கள் இதனைப் பொறுக்கவில்லை. அவ்வாண்டு ஆஸ்திரேலியப் பட்டங்களை வென்றிருந்த ஜிம்மி கானர்சும் இவான் கூலகாங்கும் அணிச் சுற்றுப்போட்டியுடன் ஒப்பந்தம் செய்தமையால், பிரெஞ்சுப் போட்டியில் ஆட இடமளிக்கப்படவில்லை. எஞ்சிய மூன்று பெரும் பட்டங்களையும் கானர்ஸ் அவ்வாண்டில் வென்றார் என்பதை நோக்க, அத்தடையின் விலை எத்துணைப் பெரிது என்பது விளங்கும்.

பருவ முடிவில் பிலடெல்பியா 44 போட்டிகளில் 39ஐ வென்று முதலிடம் பெற்றது. ஆயினும், இறுதிச் சுற்றிலே டோனி ரோச் வழிநடத்திய டென்வர் ராக்கெட்ஸ் அணி அதனைத் தோற்கடித்து வாகை சூடியது. வென்ற அணிக்கும் தோற்ற அணிக்கும் அந்நகரங்களில் அடுத்த பருவம் வாய்க்கவில்லை. பணமுடையால் டென்வர் அணி பீனிக்ஸ் நகருக்குப் பெயர்ந்தது. பிலடெல்பியா அணி பாஸ்டன் அணியுடன் கலந்தது. கொள்கை செம்மையாயினும் கொட்டில் நிறையாவிடின் தொழில் நடவாது என்பதை முதற் பருவமே உணர்த்திற்று.

1978: சென்னைச் சகோதரர்

தடுமாறியவாறே இச்சுற்றுப்போட்டி மேலும் நான்கு பருவங்கள் நடந்தது. 1977இல் சோவியத் ஒன்றியத்து ஆடவரும் மகளிரும் அடங்கிய அணியொன்றும் இதிற் கலந்துகொண்டது. அவ்வாண்டு இதனுடன் ஒப்பந்தம் செய்த பியோன் போர்க் பிரெஞ்சுப் போட்டியில் ஆட இயலாது போயிற்று.

1978இல் 10 அணிகள் மோதின. அவற்றுள் லாஸ் ஏஞ்சலிஸ் ஸ்டிரிங்ஸ் அணியிற் சென்னையைச் சேர்ந்த விஜய் அமிர்தராஜும் அவர்தம் இளவல் அசோக் அமிர்தராஜும் இடம்பெற்றனர். விஜய் 1973இல் விம்பிள்டன் கால் இறுதியை எட்டியவர். 1974இல் இந்தியா டேவிஸ் கிண்ண இறுதிக்கு முன்னேறியபோது அவரும் தமையன் ஆனந்தும் அணியில் இருந்தனர். இனஒதுக்கலைக் கைக்கொண்ட தென்னாபிரிக்காவுடன் ஆடுவதில்லை என்று இந்தியா அவ்விறுதியையே துறந்தது. மனிதரை நிறத்தால் எடைபோடுவதை மறுத்த நிகழ்ச்சியும், பாலால் எடைபோடுவதை மறுத்த சுற்றுப்போட்டியின் தொடக்கமும் ஒரே ஆண்டிற் பொருந்தியமை எண்ணத்தக்கது.

ஸ்டிரிங்ஸ் அணிக்கு இலி நஸ்டாசே ஆட்டக்காரராகவும் பயிற்றுநராகவும் இருந்தார். கிறிஸ் எவர்ட், ஆன் கியோமுரா ஆகியோர் மகளிருள் முதன்மை பெற்றனர். இறுதியில் அவ்வணி எதிர்கொண்டது மார்ட்டினா நவ்ராட்டிலோவா இடம்பெற்ற பாஸ்டன் லாப்ஸ்டர்ஸ் அணியை. அவ்வாண்டு விம்பிள்டன் இறுதியில் எவர்ட்டை வென்றவர் நவ்ராட்டிலோவாவே. அணிப்போட்டியிலோ ஸ்டிரிங்ஸ் மூன்றுக்கு ஒன்று என வென்று வாகை சூடியது. சென்னை ஆடுகளங்களில் வளர்ந்த இரு தமிழ் இளைஞர், உலகின் தலைசிறந்த மகளிருடன் ஒரே அணியில், ஒரே கூட்டுத்தொகைக்காக ஆடினர் என்பது தமிழர் விளையாட்டு வரலாற்றிற் குறிக்கப்படவேண்டிய செய்தியாகும்.

ஆயின், அவ்வெற்றியே அச்சுற்றுப்போட்டியின் முதற்கட்டத்துக்கு முடிவுமாயிற்று. பருவம் முடிந்ததும் பெரும்பாலான அணிகள் விலகின. 1979இல் போட்டி நடைபெறவில்லை. 1981இல் சிறிய அளவில் அது புத்துயிர் பெற்று, 2021 வரை தொடர்ந்தது.

ஆசியாவில் ஓர் ஒப்பீடு

2014ஆம் ஆண்டு மகேஷ் பூபதியின் முயற்சியால் மணிலா, சிங்கப்பூர், புதுடில்லி, துபாய் ஆகிய நகர்களில் நான்கு அணிகள் மோதிய சர்வதேசப் பிரீமியர் டென்னிஸ் சுற்றுப்போட்டி நடைபெற்றது. இந்திய அணி முதலிடம் பெற்றது. ரோஜர் பெடரரும் சானியா மிர்சாவும் அதன் ஆட்டக்காரர்கள். ஆங்கும் ஐந்து தொகுதிகள். ஆங்கும் ஆட்டங்களின் கூட்டுத்தொகை. எனினும், மகளிர் இரட்டையருக்கு அங்கு இடமில்லை. அவ்விடத்திலே முன்னாள் ஆடவர் வாகையரின் ஒற்றையர் ஆட்டம் சேர்க்கப்பட்டது. எனவே மகளிர் பங்கு ஐந்தில் ஒன்றரையாயிற்று. அமெரிக்கச் சுற்றுப்போட்டியில் இரண்டரையாக இருந்த பங்கு குறைந்ததேயன்றி வளரவில்லை. காலம் முன்னே செல்லுதலால் நீதியும் தானே முன்னே செல்லும் என்று கருதுதல் தவறு என்பதற்கு இஃதொரு சான்று. அப்போட்டியும் மூன்று பருவங்களுடன் நின்றது.

தராசும் சம்பளமும்

இனி, தொடங்கிய இடமாகிய தேயிலை மலைக்கு மீளலாம். கொழுந்து நிறுக்கும் தராசு, பறித்த கை ஆணுடையதா பெண்ணுடையதா என்று கேட்பதில்லை. எனினும், நெடுங்காலம் தோட்டச் சம்பளம் ஆணுக்கு ஒரு வீதமும் பெண்ணுக்குக் குறைந்த ஒரு வீதமுமாக நிர்ணயிக்கப்பட்டிருந்தது. கவ்வாத்து முதலிய வேலைகளில் ஈடுபட்ட ஆண்கள் பெரும்பாலும் நண்பகலோடு தம் பங்கை முடித்து லயம் திரும்ப, பெண்கள் மாலை நிறுவை வரை மலையில் நின்றனர். விளையாட்டரங்கிலே ‘பெண் குறைந்த நேரம் ஆடுகிறாள், ஆதலால் பரிசு குறைவு’ என்றனர். தேயிலை மலையிலே பெண் மிகுந்த நேரம் உழைத்தாள். ஆண்டும் கூலி குறைவாகவே இருந்தது. இரண்டையும் ஒருங்கு வைத்து நோக்குவார்க்கு, நேரம் என்பது காரணமன்று, சாக்கே என்பது புலனாகும்.

1984ஆம் ஆண்டு தோட்டத் தொழிலாளர் நடத்திய வேலைநிறுத்தத்தை அடுத்து ஆண் பெண் சம்பள வீதங்கள் சமமாக்கப்பட்டன. விம்பிள்டன் இருபாலார்க்கும் சமபரிசு வழங்கத் தொடங்கியது 2007ஆம் ஆண்டில். ஆகவே, உலகின் மிகப் புகழ்வாய்ந்த டென்னிஸ் அரங்கம் ஏற்ற நீதியை, ஹட்டன், நுவரெலியா மலைகளின் கொழுந்து பறிக்கும் பெண்கள் 23 ஆண்டுகளுக்கு முன்னரே ஈட்டிவிட்டனர். அவர்கள் பெற்ற தொகை சிறிது. வேலை நேரமும் வீட்டுச் சுமையும் அதன் பின்னரும் சமமாகவில்லை. எனினும், கணக்கேட்டில் ஒரு நாட்பேர் ஒரு நாட்பேரே ஆயிற்று.

பில்லி ஜீன் கிங்கின் அணிக்கணக்கும் தோட்டப் பெண்களின் சம்பளக் கணக்கும் ஒன்றையொன்று அறியாதவை. ஒன்று விளக்கொளி மிக்க அரங்கில் வரையப்பட்டது. மற்றொன்று பனிமூடிய மலையிற் போராடிப் பெறப்பட்டது. எனினும் இரண்டும் கூறும் உண்மை ஒன்றே: மதிப்பு என்பது புகழுரையால் வருவதன்று, கூட்டற்கணக்கிற் சமமாக எண்ணப்படுவதால் வருவது. சுற்றுப்போட்டிகள் தோன்றலாம், மறையலாம். எண்ணும் முறை ஒருமுறை திருந்திவிட்டால், அதனைப் பழைய கோணலுக்கு மீட்பது எளிதன்று. அதனைக் காக்கும் விழிப்பு மட்டும் தலைமுறைதோறும் வேண்டப்படும்.