ஐந்தாம் அட்டவணை வௌவால்கள்: இந்திய வௌவால் பாதுகாப்பின் ஐம்பது ஆண்டுகள் (1972–2022)

இந்திய வௌவால்களின் வரலாற்றில் 1972ஆம் ஆண்டுக்கு ஒரு விசித்திரமான இடம் உண்டு. அந்த ஆண்டு பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழகத்தின் ஆய்விதழில், தாய்லாந்து நாட்டுப் பாலூட்டியியல் அறிஞர் கிட்டி தோங்லோங்யா, தென்னிந்தியாவிலிருந்து ஒரு புதிய பழந்தின்னி வௌவாலை அறிவித்தார். அது புதிய இனம் மட்டுமல்ல, புதிய பேரினமும்கூட. பறவையியல் அறிஞர் சலீம் அலியின் நினைவாக அதற்கு ‘லாட்டிடென்ஸ் சலீமாலீ’ என்று பெயரிட்டார். அதே ஆண்டில் இந்திய நாடாளுமன்றம் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தை நிறைவேற்றியது. அச்சட்டத்தின் ஐந்தாம் அட்டவணை, உரிமம் எதுவுமின்றி யாரும் கொல்லத்தக்க தீங்குயிர்களின் பட்டியல். அதில் காகம், எலி, சுண்டெலி ஆகியவற்றோடு ‘பழந்தின்னி வௌவால்கள்’ என்று ஒட்டுமொத்தமாக எழுதப்பட்டிருந்தது. உலகில் வேறெங்கும் இல்லாத ஓர் உயிரினம் அறிவியலில் இடம்பெற்ற ஆண்டிலேயே சட்டத்தில் கொல்லத்தக்கதாகவும் ஆயிற்று.

இது தற்செயல்தான். ஆனால் அடுத்த ஐம்பது ஆண்டுகளின் சிக்கல் இதற்குள்ளேயே இருக்கிறது. அறிவியல் வௌவால்களை இனம் இனமாகப் பிரித்துக்கொண்டு போனது. சட்டமோ அவற்றை ஒரே கூட்டமாகக் கட்டி வைத்திருந்தது. இந்திய வௌவால் பாதுகாப்பின் வரலாற்றை இந்த இழுபறியின் வரலாறாகவே படிக்க வேண்டும் என்பது இக்கட்டுரையின் வாதம்.

சலீம் அலி வௌவாலின் கதை 1972க்கு முன்பே தொடங்குகிறது. மேற்குத் தொடர்ச்சி மலையில், இன்றைய தேனி மாவட்டத்து மேகமலையை ஆங்கிலேயர் ‘ஹைவேவிஸ்’ என்றழைத்தனர். அங்கே தோட்டத் தொழிலில் இருந்த ஆங்கஸ் ஹட்டன் என்பவர் இயற்கை ஆர்வலரும்கூட. பாம்புகளையும் பாலூட்டிகளையும் சேகரித்துக் குறிப்பெழுதும் பழக்கமுள்ளவர். 1948இல் ஏறத்தாழ 750 மீட்டர் உயரத்தில் ஒரு பழந்தின்னி வௌவால் அவர் கைக்குக் கிடைத்தது. பம்பாய்க் கழகத்தின் சேகரிப்பைச் சென்றடைந்த அந்த உடல், குட்டைமூக்குப் பழந்தின்னி வௌவால் என்று அடையாளம் காணப்பட்டது. நம் ஊர்களில் பனையோலையின் அடியிலும் நெட்டிலிங்க மரத்திலும் தொங்கும் சாதாரண வௌவால்தான் அது. இரண்டும் பார்வைக்கு அவ்வளவு ஒத்தவை.

வேறுபாடுகள் நுணுக்கமானவை. குட்டைமூக்கு வௌவாலின் காதோரத்தில் வெளிறிய விளிம்பு ஓடும். மேகமலை வௌவாலுக்கு அது கிடையாது. முன்னதற்குச் சிறிய வால் உண்டு. பின்னதற்கு வாலே இல்லை. முன்பற்களின் எண்ணிக்கையும் பற்களின் அகலமும் வேறு. இவற்றையெல்லாம் கூர்ந்து பார்த்து, இது வேறொரு விலங்கு என்று சொல்ல ஒருவர் வருவதற்கு 24 ஆண்டுகள் ஆயின. தோங்லோங்யா 1974இல் காலமானார். உலகின் மிகச் சிறிய பாலூட்டிகளுள் ஒன்றான தாய்லாந்து வௌவால் அதே ஆண்டில் அவர் பெயரைப் பெற்றது. அருங்காட்சியக இழுப்பறைகளில் உறங்கும் உடல்களை மறுபடி எடுத்துப் பார்ப்பது எத்தகைய கண்டுபிடிப்பாக முடியும் என்பதற்கு மேகமலை வௌவாலைவிடச் சிறந்த சான்று இந்திய விலங்கியலில் அதிகமில்லை.

பெயர் கிடைத்த பிறகும் விலங்கு கிடைக்கவில்லை. உலகத்துக்குத் தெரிந்தது அந்த ஒரே உடல்தான். 1993இல் இங்கிலாந்தின் ஹாரிசன் விலங்கியல் அருங்காட்சியகமும் பம்பாய்க் கழகமும் சேர்ந்து நடத்திய தேடலில் அது மேகமலையில் உயிரோடு பிடிபட்டது. பகலில் அது எங்கே தங்குகிறது என்ற கேள்விக்கு மதுரை காமராசர் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் விடை கண்டார்கள். மேகமலைப் பகுதியில் ஒரு குகையை அதன் தங்கிடமாக அடையாளம் கண்டு 2003இல் ‘கரன்ட் சயின்ஸ்’ இதழில் வெளியிட்டார்கள். பின்னர்க் களக்காடு முண்டந்துறையிலும் கேரளத்துப் பெரியாறு பகுதியிலும் அது இருப்பது தெரியவந்தது. பன்னாட்டு இயற்கைப் பாதுகாப்பு ஒன்றியத்தின் செம்பட்டியல் முதலில் ‘மிக அருகிய இனம்’ என்று வைத்திருந்ததைப் பிறகு ‘அருகிய இனம்’ என்று மாற்றியது. வௌவால்கள் பெருகிவிட்டன என்று இதற்குப் பொருள் கொள்ளக்கூடாது. நம் அறிவுதான் சற்றுக் கூடியிருக்கிறது.

மதுரையைப் பற்றி இங்கே கொஞ்சம் கூடுதலாகச் சொல்ல வேண்டும். இந்திய வௌவால் ஆய்வு பெரும்பாலும் அருங்காட்சியக வேலையாகவே இருந்த காலத்தில், மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் எம்.கே. சந்திரசேகரனும் ஜி. மாரிமுத்துவும் அவர்களது குழுவினரும் உயிருள்ள வௌவால்களோடு குகைக்குள்ளேயே வேலை செய்தார்கள். வெளிச்சமே புகாத குகையில் வாழும் வௌவாலுக்கு மாலை வந்துவிட்டது என்று எப்படித் தெரிகிறது? 1970களின் பிற்பகுதியிலும் 1980களின் தொடக்கத்திலும் வெளிவந்த அவர்களது ஆய்வுகள் இதற்கு விடை சொல்லின. கூட்டமாக இருக்கும் குகைக்குள் ஒரு வௌவாலைக் கூண்டில் அடைத்து வைத்தால், வெளியே பறந்து திரும்பும் மற்றவற்றின் நடமாட்டத்தைக் கொண்டே அது தன் உடற்கடிகாரத்தைச் சரிசெய்துகொள்ளும். தனியாக அடைக்கப்பட்டதோ நாளடைவில் வெளியுலகின் நேரத்தோடு ஒத்துப்போகாமல் விலகிவிடும். அவர்கள் இதைப் பாதுகாப்பு ஆய்வாகச் செய்யவில்லை. உயிர்க்கடிகார ஆய்வாகவே செய்தார்கள். இருந்தாலும் எனக்கு இதில் ஒரு பாதுகாப்புச் செய்தி தெரிகிறது: வௌவாலுக்குக் கூட்டமும் தங்கிடமும் இரண்டு வெவ்வேறு தேவைகளல்ல. குகையை இழந்த வௌவால் வீட்டை மட்டும் இழப்பதில்லை.

இனிச் சட்டத்துக்கு வருவோம். பழந்தின்னி வௌவால்கள் ஏன் தீங்குயிர்களாயின? தோட்டக்காரர்களின் புகார்தான் காரணம். கொய்யா, திராட்சை, மா பயிரிடுவோருக்கு அவற்றால் இழப்பு உண்டு. அதை மறுத்துப் பேசுவது நேர்மையாகாது. ஆனால் கணக்கில் வராத மறுபக்கம் பெரியது. இலுப்பைப் பூக்களின் மகரந்தச் சேர்க்கையில் பழந்தின்னி வௌவால்களின் பங்கைத் தென்னிந்திய ஆய்வுகளே காட்டியிருக்கின்றன. இலவம் பஞ்சு மரமும் இரவில் மலர்ந்து வௌவாலுக்குக் காத்திருக்கும் மரம்தான். அத்தி இனங்களின் விதைகளைக் காட்டின் வெட்டவெளிகளுக்குக் கொண்டுபோய்ச் சேர்க்கும் வேலையும் இவற்றுடையது. தோட்டத்தில் கடித்துப் போட்ட கொய்யா விடிந்ததும் கண்ணில் படும். காட்டில் முளைத்த அத்தி யார் கண்ணிலும் படாது. 1972இன் சட்டம் கண்ணில் பட்டதை மட்டும் எண்ணியது.

பூச்சியுண்ணும் வௌவால்களின் நிலை இன்னும் வேடிக்கை. அவற்றில் பெரும்பாலானவை அன்று எந்த அட்டவணையிலும் இல்லை. காக்கப்பட வேண்டியவையும் அல்ல, கொல்லத்தக்கவையும் அல்ல. பின்னர் இரண்டே இரண்டு வௌவால்கள் முதல் அட்டவணையில், அதாவது புலியும் யானையும் இருக்கும் பட்டியலில் சேர்க்கப்பட்டன. ஒன்று சலீம் அலி வௌவால். மற்றொன்று ரௌட்டன் பெயரால் வழங்கும் வால்நீண்ட பூச்சியுண்ணி வௌவால். 1913இல் ஓல்ட்ஃபீல்ட் தாமஸ் விவரித்த இந்த இனம், கர்நாடகத்தில் பெல்காம் பகுதியிலுள்ள பாரபேடே குகையிலிருந்து மட்டுமே பல பத்தாண்டுகள் அறியப்பட்டிருந்தது. பிறகுதான் கம்போடியாவிலும் மேகாலயத்திலும் தென்பட்டது.

இந்த உயர்வுக்குப் பின்னால் கோயம்புத்தூரின் பங்கு உண்டு. சாலி வாக்கர் நிறுவிய, அங்கிருந்து இயங்கும் ‘சூ அவுட்ரீச்’ அமைப்பு, தெற்காசிய வௌவால் ஆய்வாளர்களை இணைக்கும் வலையமைப்பொன்றை 1999இல் தொடங்கியது. 2002இல் தெற்காசியாவின் வௌவால் இனங்கள் அனைத்தின் நிலையையும் மதிப்பிடும் பயிலரங்கு ஒன்றும் நடந்தது. அதுவரை ‘வௌவால்கள்’ என்றிருந்த பொருள், நூற்றுக்கும் மேற்பட்ட இனங்களாக, ஒவ்வொன்றும் தனித்தனி அச்சுறுத்தல்களோடு முதன்முறையாகக் காகிதத்தில் ஏறியது.

ஆனால் முதல் அட்டவணையில் சேர்த்ததால் சட்டம் சரியாகிவிட்டதா? இல்லை, புதியதொரு அபத்தம் பிறந்தது. சலீம் அலி வௌவாலைக் கொன்றால் சிறை. அதன் உருவொத்த குட்டைமூக்கு வௌவாலைக் கொன்றால் அன்று கேட்க ஆளில்லை. பகல் வெளிச்சத்தில், மேசைமேல் வைத்துப் பார்த்த வல்லுநர்களையே 24 ஆண்டுகள் ஏமாற்றிய ஒற்றுமை இது. இருட்டில் வலைவிரிக்கும் வேட்டைக்காரரும் அவரைப் பிடிக்கும் வனக்காவலரும் வாலையும் காதோரத்தையும் பார்த்துப் பிரித்தறிய வேண்டும் என்று சட்டம் எதிர்பார்த்தது. வௌவால் கறி இளைப்பு நோய்க்கு மருந்து என்ற ஆதாரமற்ற நம்பிக்கை தென் மாவட்டங்களில் இன்றும் உண்டு. வேட்டைக்கு அதுவும் ஒரு காரணம். பெண் வௌவால் பொதுவாக ஓர் ஈற்றுக்கு ஒரே குட்டிதான் போடும். எலியைப்போல வேட்டையிலிருந்து மீண்டெழும் உயிரல்ல அது. எலியோடு ஒரே பட்டியலில் வைத்தவர்கள் இதை யோசித்ததாகத் தெரியவில்லை.

சட்டம் கைவிட்ட இடத்தில் வழக்கம் காத்ததும் உண்டு. மதுரைக்குத் தெற்கே புளியங்குளத்தில், முனி காவல் இருப்பதாக நம்பப்படும் ஆலமரத்துப் பெரிய பழந்தின்னி வௌவால்களை ஊரார் தொடுவதில்லை என்று மாரிமுத்து 1988இல் எழுதினார். மரத்து வௌவால்கள் மிரளும் என்று தீபாவளிக்கு வெடி வெடிக்காத ஊர்கள் தமிழ்நாட்டில் இன்னும் இருக்கின்றன. சட்டம் ‘கொல்லலாம்’ என்று சொன்ன அதே உயிரைத்தான் அந்த ஊர்கள் காத்தன. இதைக் கொண்டாடுவதில் எனக்கு ஒரு தயக்கமும் உண்டு. ஊர்வழக்கம் காப்பது ஆலமரத்தில் கண்ணெதிரே தொங்கும் பெரிய வௌவாலைத்தான். குகையிடுக்கிலும் மண்டப மேற்கூரையிலும் ஒளிந்திருக்கும் சிறு வௌவாலுக்கு முனியும் இல்லை, ஊரும் இல்லை. கோயில் திருப்பணி என்றால் முதலில் விரட்டப்படுவதும் அதுதான்.

அத்தகைய சிறு வௌவாலின் கதி என்ன என்பதைக் கோலாரில் பார்க்கலாம். கர்நாடகத்தின் அந்த மாவட்டத்திலிருந்து 1994இல் ஒரு புதிய இலைமூக்கு வௌவால் விவரிக்கப்பட்டது. ஹனுமனஹள்ளி, தேரஹள்ளி ஆகிய இரண்டு ஊர்களின் பாறைக் குகைகளில் அது வாழ்ந்தது. தேரஹள்ளியிலிருந்து பின்னர் அது மறைந்துபோனது. மிஞ்சியது ஹனுமனஹள்ளிக் குகை ஒன்றுதான். அதைச் சுற்றியிருந்த குன்றுகளிலோ கருங்கல் வெட்டிக்கொண்டிருந்தார்கள். இருநூறுக்கும் குறைவான வௌவால்களே எஞ்சியிருந்த நிலையில், செம்பட்டியல் அதை ‘மிக அருகிய இனம்’ என்று அறிவித்தது. ஆய்வாளர்களின் முயற்சியால் கல் வெட்டுவது நிறுத்தப்பட்டு, குகையைச் சூழ்ந்த நிலம் காப்புக்குள் வந்தது. இங்கே வௌவாலைச் சுட்டவர் எவருமில்லை. தங்கியிருந்த பாறைதான் விலைபோயிற்று. வேட்டையை மட்டும் குற்றமாக்கும் சட்டம் இதற்கு எந்த வகையிலும் உதவியிருக்காது.

2018இல் கோழிக்கோட்டில் நிபா காய்ச்சல் பரவியபோதும், 2020இல் கொரோனா வந்தபோதும் பழைய அச்சம் புதிய வடிவில் திரும்பியது. வௌவால்களை விரட்டுங்கள், மரங்களை வெட்டுங்கள் என்ற குரல்கள் எழுந்தன. நிபா நச்சுயிரியின் இயற்கைத் தாங்கி பழந்தின்னி வௌவால் என்பது உண்மை. ஆனால் தங்கிடத்தைக் கலைத்தால் வௌவால்கள் சிதறிப் பல இடங்களுக்குப் போகும். நோய் அபாயம் குறையாது. வௌவால் கடித்த பழத்தை உண்ணாமலிருப்பதும், திறந்த பானையில் இறக்கிய கள்ளைத் தவிர்ப்பதும் மரத்தை வெட்டுவதைவிட மலிவான வழிகள், பலன் தரும் வழிகளும்கூட. தெற்காசிய வௌவால் ஆய்வாளர்கள் 2020இல் கூட்டாக விளக்க அறிக்கை வெளியிட வேண்டியிருந்தது.

கடைசியில், 2022 டிசம்பரில் மாநிலங்களவையும் ஒப்புதல் தந்த வனவிலங்குப் பாதுகாப்புத் திருத்தச் சட்டம், அட்டவணைகளை ஆறிலிருந்து நான்காகக் குறைத்து, தீங்குயிர்களுக்கென்றிருந்த தனி அட்டவணையையே நீக்கியது. 2023 ஏப்ரல் 1 முதல் அது நடைமுறைக்கு வந்தது. இடையில் 2021இல் மேகமலை, திருவில்லிபுத்தூர் வனத்தோடு சேர்ந்து புலிகள் காப்பகமும் ஆகியிருந்தது. ஹட்டன் வௌவால் பிடித்த மலையை இப்போது புலியின் பெயரால் காக்கிறார்கள். வௌவாலுக்கு அதனால் நட்டமில்லை.

ஐந்தாம் அட்டவணை போனது நல்ல காரியம், ஐம்பது ஆண்டுகள் தாமதமானது. ஆனாலும் அறுபத்திரண்டாம் பிரிவின்படி இரண்டாம் அட்டவணை விலங்குகளை ஓர் அறிவிக்கையின் மூலம், குறிப்பிட்ட பகுதிக்கும் காலத்துக்கும் தீங்குயிராக அறிவிக்க ஒன்றிய அரசுக்கு இன்றும் அதிகாரம் உண்டு. அதைவிடப் பெரிய ஓட்டை வேறிடத்தில் இருக்கிறது. வௌவால்கள் தங்கும் குகைகளும் பாழடைந்த மண்டபங்களும் பல இடங்களில் வனத்துறை எல்லைக்கு வெளியே, வருவாய்த்துறைப் புறம்போக்கிலும் அறநிலையத்துறைக் கட்டடங்களிலும் இருக்கின்றன. கல்குவாரிக்குக் குத்தகை தருவதற்கு முன்பும், கோயில் மண்டபத்தில் திருப்பணி தொடங்குவதற்கு முன்பும், அங்கே எந்த வௌவால் தங்குகிறது என்று ஒருவரை அனுப்பிப் பார்க்கச் சொல்வதற்குப் புதிய சட்டம் தேவையில்லை. ஓர் அரசாணை போதும். தமிழ்நாடு அரசு அதைப் பிறப்பிக்க வேண்டும்.