ஒரு கையின் விலை: விபத்து நஷ்டஈட்டின் கதை

திருவொற்றியூர் நெடுஞ்சாலையில் தண்டையார்பேட்டையைத் தாண்டி காலடிப்பேட்டை வருவதற்கு முன்னால் இருக்கிறது டோல்கேட். சுங்கம் வசூலித்த காலம் போய்ப் பெயர் மட்டும் நின்றுவிட்டது. 2021-இல் வந்த மெட்ரோ ஸ்டேஷனுக்கும் அதே பெயர்தான். துறைமுகம் போகும் கன்டெய்னர் லாரிகள், ஷேர் ஆட்டோக்கள், மீன்கூடையோடு பெண்கள், சைக்கிளில் வேலைக்குப் போகிறவர்கள் என்று எல்லோருக்கும் வடசென்னைச் சாலைகள்தான் வழி. இங்கே அடிபட்டவரை ஸ்டான்லி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகலாம். அதற்குப் பிறகு வீட்டில் அடுப்பு எப்படி எரியும்? இந்தக் கேள்விக்குப் பதில் சொல்ல நம் சட்டம் எடுத்துக்கொண்ட காலம் கொஞ்சநஞ்சமல்ல.

1855-இல் வெள்ளையர் கொண்டுவந்த சட்டம், விபத்தில் இறந்தவரின் குடும்பத்துக்குத்தான் வழி செய்தது. உயிர் பிழைத்தவர் சிவில் கோர்ட்டில் கட்டணம் கட்டி வழக்குப் போட வேண்டும். கை போனவன் கட்டணத்துக்கு எங்கே போவான்? ஜெயித்தாலும் லாரிக்காரரிடம் பணம் இருக்க வேண்டுமே! 1939 மோட்டார் வாகனச் சட்டம் மூன்றாம் நபர் இன்சூரன்ஸைக் கட்டாயமாக்கியது. அது நடைமுறைக்கு வந்தது 1946 ஜூலையில். 1956 திருத்தம் விபத்துகளுக்கென்றே தனித் தீர்ப்பாயங்கள் அமைக்க வழிவகுத்தது. சென்னையில் அந்த வேலையைப் பார்ப்பது ஹைகோர்ட் வளாகத்தில் உள்ள சிறுவழக்கு நீதிமன்றம்.

இதில் டோல்கேட்காரர்களுக்கு ஒரு வேடிக்கை உண்டு. 1994 வரை, விபத்து எந்த எல்லையில் நடந்ததோ அங்கேதான் மனுப் போட முடியும். டோல்கேட்டுக்கு வடக்கே திருவொற்றியூர் அன்று செங்கல்பட்டு மாவட்டம். நாலு அடி தள்ளி விழுந்தால் கோர்ட்டே மாறிவிடும்! 1994 திருத்தத்துக்குப் பிறகுதான் அடிபட்டவர் தான் குடியிருக்கும் ஊரிலேயே மனுப் போடலாம் என்றானது.

அடுத்த தலைவலி, தப்பு யாருடையது என்பது. 1980-இல் உச்ச நீதிமன்றத்துக்கு வந்த என்.கே.வி. பிரதர்ஸ் வழக்கு தமிழ்நாட்டு பஸ் ஒன்றைப் பற்றியது. தொங்கிக்கொண்டிருந்த உயர் அழுத்த மின்கம்பியில் பஸ் உரசி 8 பேர் அங்கேயே இறந்தார்கள். கிரிமினல் கோர்ட்டில் டிரைவர் விடுதலையாகிவிட்டார், அதனால் நஷ்டஈடும் கிடையாது என்பது முதலாளி தரப்பு வாதம். நீதிபதி கிருஷ்ணய்யர் ஏற்கவில்லை. தண்டனைக்கு வேண்டிய குற்றம் வேறு, நஷ்டஈட்டுக்கு வேண்டிய கவனக்குறைவு வேறு என்றார். 1982 திருத்தமோ, தப்பை நிரூபிக்காமலேயே இறப்புக்கு 15,000, நிரந்தர ஊனத்துக்கு 7,500 ரூபாய் என்றது. தொகை சிறிதுதான், ஆனாலும் பெரிய மாற்றம்.

ஆனால் காயத்துக்குக் கணக்குப் போடுவதுதான் கடினம். இறந்தவருக்கு வயது, வருமானம் என்று ஒரு பெருக்கல் வாய்ப்பாடு உண்டு. காயம்பட்டவரிடமோ டாக்டர் கொடுத்த ஊனச் சதவீதம் எழுதிய ஒரு தாள். அதை அப்படியே வருமான இழப்பாக எடுத்துக்கொள்ளும் பழக்கத்தை உச்ச நீதிமன்றம் 2010-இல் ராஜ்குமார் வழக்கில் கண்டித்தது. இடது கை போனால் ஊனம் 60 சதவீதம் என்று வைத்துக்கொள்வோம். அரசு குமாஸ்தாவின் வேலை போகாமல் இருக்கலாம், டிரைவருக்கும் தச்சருக்குமோ பிழைப்பே 100 சதவீதம் போய்விடும் என்று அந்தத் தீர்ப்பு சொன்னது. மூட்டை தூக்குகிறவர்களும் மீன் விற்கிறவர்களும் நிறைந்த வடசென்னைக்கு இதைவிட முக்கியமான தீர்ப்பு வேறு இருக்குமா என்பது சந்தேகமே. சம்பள ரசீது இல்லாதவர்களுக்கு அடுத்த ஆண்டே இன்னொரு தீர்ப்பும் கைகொடுத்தது. பெங்களூர்க் கூலித் தொழிலாளி ஒருவர் ஆவணம் இல்லாமல் சொன்ன மாதம் 4,500 ரூபாயை நீதிமன்றம் ஏற்றது. தீர்ப்பாயம் அதை 3,000 ஆகக் குறைத்திருந்தது.

இடித்துவிட்டு நிற்காமல் போகும் லாரி விஷயம் தனி. 1994 முதல் பலத்த காயத்துக்கு 12,500 ரூபாய். அது 50,000 ஆக உயர 2022 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

2019 திருத்தம் ஒரு நல்லதும் ஒரு கெட்டதும் செய்தது. நல்லது: காயம்பட்டவர் வழக்கு முடிவதற்குள் வேறு காரணத்தால் இறந்தாலும் அவருடைய உரிமை வாரிசுகளுக்குப் போகும். கெட்டது: 1994-இல் எடுத்துவிட்ட காலக்கெடு, விபத்து நடந்து ஆறு மாதத்துக்குள் மனுப் போட வேண்டும் என்று 2022 ஏப்ரல் 1 முதல் திரும்பி வந்தது. தொடை எலும்பில் கம்பி வைத்துப் படுத்திருக்கும் லோடுமேனுக்கு ஆறு மாதம் படுக்கையிலேயே ஓடிவிடும். இந்தக் கெடுவை எதிர்த்த வழக்குகள் உச்ச நீதிமன்றம் வரை போயின.