பழங்குழிகள் காட்டிய பொன்

புதையல் என்றதும் நம் பாட்டிமார் சொன்ன கதைகள் நினைவில் எழும். ஏழு குடம் பொன்னைக் காக்கும் பூதம், வெற்றிலையில் மை தடவி இடம் சொல்லும் மந்திரவாதி, இடிந்த கோட்டைக்குள் சுருண்டு கிடக்கும் நாகம் என அவை விரியும். சட்டமும் புதையலை மறக்கவில்லை. 1878-ஆம் ஆண்டின் இந்தியப் புதையல் சட்டப்படி, 10 ரூபாய்க்கு மேற்பட்ட புதையலைக் கண்டெடுத்தவர் ஆட்சியருக்கு எழுத்து மூலம் அறிவித்தல் வேண்டும். கோப்புகளிடையே காலங்கழிக்கும் என்போன்றோர்க்குப் பூதத்தைவிட இவ்வறிவிப்பே அச்சந்தருவது! அது நிற்க. பூதமும் மையும் இன்றி, ஊர்ப்பேச்சு ஒன்றை நம்பித் தேடிய இடத்தில் மெய்யாகவே பொன் விளைந்த கதை நம்மவர் பலரின் குடும்பக் கதையுமாகும். அதுவே கோலார் தங்கவயல்.

1799-இல் திப்பு சுல்தான் வீழ்ந்தபின், மைசூரின் கிழக்கெல்லையை அளக்கும் பணியில் இருந்தவர் லெப்டினன்ட் ஜான் வாரன். 1802-இல் இப்பக்கம் வந்த அவர் செவியில், இம்மண்ணில் பொன் உண்டு என்ற செய்தி விழுந்தது. காட்டுவோர்க்குப் பரிசு என அறிவித்தார். சிற்றூர் மக்கள் வண்டிகளில் மண்ணைக் கொணர்ந்து அவர் கண்முன்னே கழுவினர். அடியில் பொற்றுகள் மின்னின. மாரிகுப்பத்தில் அவர் கண்டது அதனினும் வியப்பு. ஆடவர் குழிகளில் இறங்கிச் சிறு கருவிகளால் கல்லை உடைப்பர். கூடைகள் கைக்குக் கைமாறி மேலே வரும். பெண்டிர் அக்கற்களைப் பெரும்பாறைமேல் வைத்து இடித்துப் பொடியாக்கிக் கழுவுவர். தங்கவயலைக் கண்டுபிடித்தவர் வாரன் என்று சொல்வோர் இம்மக்களை எங்கே வைப்பார்களோ!

வாரனின் அறிக்கை நெடுங்காலம் உறங்கியது. நியூசிலாந்துப் போரில் பங்குகொண்டு, பின் பெங்களூரில் வந்து தங்கிய அயர்லாந்துக்காரர் மைக்கேல் லாவெல் அதனைப் படித்தார். 1871-இல் மாட்டுவண்டி பூட்டி 60 மைல் பயணம் செய்து வந்தார். 1873-இல் விண்ணப்பித்து, 1875-இல் உரிமை பெற்றார். ஆசை இருந்த அளவுக்குக் கையில் பொருள் இல்லை. தோண்டத் தோண்டப் பணம் கரைந்தது. உரிமை பிறர் கைக்குப் போயிற்று. சென்னைப் படை அதிகாரிகள் சிலர் அதனை ஏற்றனர். பின்னர் 1880-இல் ஜான் டெய்லர் நிறுவனத்தார் வந்தனர். அவர்களுக்கும் முதலில் நட்டமே. பங்குதாரர் கலைந்துபோகும் தறுவாயில், பண்டையோர் தோண்டி விட்டுச்சென்ற குழிகளுக்குக் கீழே இறங்கிப் பார்த்தனர். சாம்பியன் ரீஃப் என்னும் பெரும் பொன்னிழை அங்கேதான் கிடந்தது.

இவ்விடத்தில் சற்று நிற்கவேண்டும். வெடிமருந்து அறியாத அப்பண்டையோர் பாறைமேல் விறகடுக்கித் தீமூட்டுவர். பாறை பழுத்ததும் நீர் ஊற்றிப் பிளப்பர். அம்முறையிலேயே 200 அடிக்கும் கீழே சென்றிருக்கின்றனர்! ஊறிப் பெருகும் நீரை இறைக்க வழியின்றி நின்றுபோயிருக்கலாம். லாவெலும் டெய்லரும் தேடிய புதையலுக்கு வரைபடம் எழுதி வைத்தவர்கள் அவர்களே என்பது என் எண்ணம்.

அதன்பின் இறங்கியவர் நம்மவர். வட ஆர்க்காடு, சேலம், சித்தூர்ப் பகுதிகளிலிருந்து குடும்பம் குடும்பமாக வந்தனர். 1902-இல் சிவசமுத்திரத்திலிருந்து மின்சாரம் வந்தது. சுரங்கமோ 3 கிலோமீட்டருக்கும் கீழே சென்றது. அடியில் பாறையே கொதித்தது. அழுத்தம் தாங்காது அது வெடிக்கும்போதெல்லாம் உயிர்கள் போயின. பொன்னைத் தொட்டவர் அனைவரும் கள்வரென ஐயுறப்பட்டனர். விரல்ரேகைப் பதிவை எதிர்த்து 1930-இல் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்தது வெறும் கூலிக்காக அன்று, மானத்திற்காக.

ஏறத்தாழ 800 டன் பொன் வெளிவந்த பின், 2001 பிப்ரவரி 28-இல் சுரங்கம் மூடப்பட்டது. பொன் பிரித்த கழிவு மட்டும் சயனைட் மேடுகளாக நிற்கிறது. காற்றடித்தால் அம்மண் வீட்டுக்குள் வந்து சோற்றிலும் படியும். அதிலும் பொன் எஞ்சியுள்ளது என்ற பேச்சு அவ்வப்போது எழுகிறது.

பேச்சோடு நின்றால் குற்றமில்லை. 2020 மே மாதத்தில் சிலர் பொன்னை நாடி, கைவிடப்பட்ட சுரங்கக் குழி ஒன்றில் இறங்கினர். மூவர் உயிரோடு மேலே வரவில்லை. அந்தக் குழி இருந்த இடம் மாரிகுப்பம்.