கல்யாணம் ஆகாதவளுக்கு 160 ஏக்கர்!

கணவன் இல்லாத பெண்ணுக்கு அரசாங்கமே 160 ஏக்கர் நிலம் கொடுத்தது என்றால் நம்புவீர்களா? அமெரிக்காவில் நடந்த கதை இது.

1862 மே 20 அன்று ஜனாதிபதி ஆபிரகாம் லிங்கன் ஹோம்ஸ்டெட் சட்டத்தில் கையெழுத்திட்டார். 21 வயது நிரம்பியவர் அல்லது குடும்பத் தலைவர், சிறு கட்டணம் கட்டி 160 ஏக்கர் அரசு நிலத்தைப் பதிவு செய்யலாம். அங்கே வீடு கட்டி, ஐந்து வருடம் குடியிருந்து பயிர் செய்தால் நிலம் சொந்தம். ஆண், பெண் வித்தியாசம் கிடையாது. கல்யாணமாகாதவர்கள், விதவைகள், விவாகரத்தானவர்கள் எல்லோரும் விண்ணப்பித்தார்கள். கணவனோடு வாழும் பெண்ணுக்கு மட்டும் அந்த உரிமை இல்லை. அவள் குடும்பத் தலைவர் இல்லையாம்!

நிலம் கிடைத்தால் போதுமா? மரமே இல்லாத புல்வெளி அது. புல்லை வேரோடு மண்கட்டியாக வெட்டி, செங்கல் போல அடுக்கித்தான் வீடு கட்டினார்கள். விறகு இல்லாததால் காய்ந்த சாணத்தை நம்மூர் வறட்டி போல எரித்தார்கள்.

தனிமைதான் பெரிய பிரச்சினை. நெப்ராஸ்கா மாநிலம் கஸ்டர் கவுண்டியில் கிறிஸ்மன் சகோதரிகள் நால்வர் இருந்தார்கள். லிஸ்ஸி 1887லும் லூட்டி அடுத்த வருடமும் நிலம் பதிவு செய்தார்கள். மற்ற இருவரும் வயது வரும்வரை காத்திருந்தார்கள். குடியிருப்பு விதியை மீறாமலும் தனியாக இல்லாமலும் இருக்க, ஒருவர் வீட்டில் மற்றவர் மாறி மாறித் தங்கினார்கள். 1886ல் சாலமன் புட்சர் எடுத்த புகைப்படத்தில் நால்வரும் மண்கட்டி வீட்டின் முன் நிற்பதை இன்றும் பார்க்கலாம். வேறு இடங்களில் தோழிகள் அடுத்தடுத்த நிலங்களை வாங்கி, எல்லைக்கோட்டின் அருகே வீடு கட்டிக்கொண்டார்கள். உழவு, அறுவடை, பிரசவம் எல்லாவற்றுக்கும் அக்கம்பக்கம்தான் துணை.

எலினோர் ப்ரூயிட் ஸ்டூவர்ட் 1909ல் மகளோடு வயோமிங் மாநிலத்துக்கு வீட்டுவேலைக்கு வந்தவர். தன் பெயரில் நிலம் பதிவு செய்தார். விரைவிலேயே முதலாளியையே மணந்தார். நகரத்து ஏழைப் பெண்களை விவசாயத்துக்கு அழைத்த அவரது கடிதங்கள் 1914ல் புத்தகமாகிப் புகழ்பெற்றன. ஆனால் கணவனும் மனைவியும் தனித்தனி வீட்டில் குடியிருப்பதாகக் காட்ட முடியாதே! 1912லேயே அவர் உரிமையை விட்டுக்கொடுக்க, அந்த நிலம் மாமியார் பெயரில் பதிவானது.

இன்னொன்றையும் மறக்கக் கூடாது. அந்தப் புல்வெளி காலி நிலம் அல்ல. நெப்ராஸ்காவில் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்த பானி மக்கள் 1870களில் தெற்கே இன்றைய ஓக்லஹோமாவுக்குப் போக வேண்டியதாயிற்று.

அமெரிக்கப் பெண்களுக்கு நாடு முழுவதும் ஓட்டுரிமை வந்தது 1920ல்தான். அதற்கு அரை நூற்றாண்டுக்கு முன்பே பெண்கள் சொந்தப் பெயரில் பட்டா வாங்கிவிட்டார்கள். பெண்ணால் விவசாயம் முடியுமா என்ற கேள்விக்கு அவர்கள் நிலத்திலேயே பதில் சொன்னார்கள். மனைவியான பிறகும் அவள் தனி மனுஷியா என்ற கேள்விக்குத்தான் அந்தச் சட்டத்தில் பதில் இல்லை.